குழின்னா எத்தனை அடி? அகராதியும் எங்க கழனியும்



ரெண்டு மாசமா இந்தப் பக்கம் வரல. சம்பா நடவு, களை, அப்புறம் மழைன்னு ஓடிப்போச்சு. நடுவுல வீட்டுலயும் ஒரு வில்லங்கம். அது தீர்ந்த பிறகுதான் எழுதணும்னு இருந்தேன். போன வாரம் தீர்ந்துடுச்சு. அந்தக் கதையைச் சொல்லிட்டு, அதுல இருந்து எனக்குத் தோணின ஒரு கருத்தையும் சொல்றேன். ஒத்துக்காதவங்க திட்டலாம், தப்பில்ல.

எங்க அக்கா என்கிட்ட ஆறு மாசம் பேசல. காரணம் பணம் இல்ல, பொம்பளைங்களுக்குள்ள சண்டையும் இல்ல. ஒரே ஒரு சொல்லு. குழி.

அக்காவை மன்னார்குடி பக்கம் கட்டிக்கொடுத்து நாற்பது வருசம் ஆகுது. அப்பா சாகுறதுக்கு முன்னாடி ஒரு நோட்டுல பாகம் எழுதி வெச்சிருந்தார். அதுல, "மேற்கால கொல்லையில பெரியவளுக்கு 25 குழி"ன்னு ஒரு வரி. இத்தனை வருசமா அந்த நோட்டை யாரும் எடுத்துப் பார்க்கல. அந்த இடத்துல நான் பயிர் வைப்பேன், அக்கா பங்கு மல்லாட்டை மூட்டையா போயிடும், அல்லது பணமா போயிடும். இந்த வருசம் அக்கா மகன் பட்டா மாத்தணும்னு வந்தான். சென்னையில கம்ப்யூட்டர் வேலை. நோட்டைப் பார்த்தான், போனைத் தட்டினான், ஒரு குழின்னா 144 சதுர அடின்னு வந்துது. 25 குழின்னா 3,600 சதுர அடி. அதாவது ஒன்றரை கிரவுண்டு.

"மாமா, எங்கம்மாவுக்கு ஒன்றரை கிரவுண்டுதானா? மீதி எல்லாம் உங்களுக்கா?"ன்னு கேட்டுட்டான்.

நான் வெலவெலத்துப் போயிட்டேன். கோபத்துல நானும் ரெண்டு வார்த்தை விட்டுட்டேன். அக்காவும் அவன் சொன்னதையே பிடிச்சுக்கிட்டாங்க. அவங்களைக் குத்தம் சொல்ல முடியாது. நாற்பது வருசமா அந்த ஊர்க் கணக்குலயே வாழ்ந்தவங்க. தஞ்சாவூர்ச் சீமையில 12 அடிக் கோலால அளந்த குழி, அதாவது 12க்கு 12, 144 சதுர அடி. நூறு குழி ஒரு மா. இருபது மா ஒரு வேலி. அவங்க வீட்டு நெல்லு கணக்கு, குத்தகைக் கணக்கு, உறவுக்காரங்க சண்டை எல்லாமே அந்த மாவுலதான்.

எங்க பக்கம் அப்படி இல்ல. புதுச்சேரியில குழின்னா 24 அடிக் கோல். 24க்கு 24, 576 சதுர அடி. நூறு குழி ஒரு காணி. போனு சொன்ன குழி போல எங்க குழி நாலு மடங்கு.

பையன்கிட்ட இதைச் சொன்னேன். "எங்க மாமா போட்டிருக்கு? காட்டுங்க"ன்னான். காட்ட என்கிட்ட என்ன இருக்கு? எங்க ஊர்ல எல்லாருக்கும் தெரியும்னேன். எல்லாருக்கும் தெரிஞ்சது எதுலயும் எழுதி இல்லைன்னா அது பொய்யா போயிடுது, இன்னைக்கு நிலைமை அப்படி.

கடைசியில எங்க தெருப் பெரியவர் ஒருத்தர்தான் தீர்த்து வெச்சார். எண்பது வயசு. அந்தக் காலத்துல நிலம் அளக்கக் கூடவே போனவர். அக்காவையும் பையனையும் வரச்சொல்லி ஆள் அனுப்பினார். கொல்லைக்குக் கூட்டிப்போய், 24 அடிக்குக் கயிறு அறுத்தார். அப்பா நட்ட கல்லுல இருந்து கிழக்கு மேற்கா பிடிச்சா சரியா அஞ்சு கயிறு. தெற்கு வடக்கா அஞ்சு கயிறு. அஞ்சஞ்சு இருபத்தஞ்சு குழி. ஒரு பக்கம் 120 அடி, மறுபக்கம் 120 அடி. மொத்தம் 14,400 சதுர அடி. நாலு மூலையிலயும் கல்லு அப்படியே இருக்கு, ஒண்ணு மட்டும் கோரைப்புல்லுக்குள்ள பாதி மூழ்கிக் கிடந்துது.

அக்கா கொஞ்ச நேரம் ஒண்ணும் பேசல. மனசுக்குள்ள கணக்குப் போட்டுப் பார்த்தாங்க. அப்புறம், "டேய், இது சரியா ஒரு மாடா"ன்னாங்க. ஆமா. அவங்க ஊர்க் குழியில நூறு. மன்னார்குடியில கட்டிக்கொடுத்த பொண்ணுக்கு அப்பா அந்த ஊர்க் கணக்குல முழுசா ஒரு மா கொடுத்திருக்கார், அதை எங்க ஊர்க் கணக்குல எழுதி வெச்சிருக்கார். "ஒரு மான்னு எழுதியிருந்தா அப்பவே புரிஞ்சிருக்குமே"ன்னு சொல்லி அழுதுட்டாங்க. பையன் வந்து என் கையைப் பிடிச்சுக்கிட்டான். அவன் மேலயும் தப்பில்ல. அவன் பார்த்த பொருளும் தப்பில்ல. அது வேற ஊரோட பொருள், அவ்வளவுதான்.

அன்னைக்கு ராத்திரி தூக்கம் வரல. ஒரு சொல்லுக்கு ஒரே பொருள்தான்னு நினைக்கிறதுல எத்தனை குடும்பம் பிரியுமோன்னு தோணுச்சு. அதனாலதான் இந்தப் பதிவு.

அகராதி மேல எனக்குக் கோபம் எதுவும் இல்ல, மரியாதைதான். ஒரு காலத்துல திவாகரம், பிங்கலம், சூடாமணின்னு நிகண்டுகள்தான். செய்யுளா இருக்கும், மனப்பாடம் பண்ணணும். அதை அகர வரிசையில மாத்தி யாரும் புரட்டிப் பார்க்கிற மாதிரி பண்ணினவர் வீரமாமுனிவர். 1732இல் சதுரகராதி. இத்தாலிக்காரர். நம்ம புதுச்சேரியிலயே மிஷன் அச்சகத்துல பாதிரிமார்கள் தமிழ்-பிரெஞ்சு அகராதி அச்சடிச்சாங்க, 19ஆம் நூற்றாண்டு நடுவுல. அப்புறம் சென்னைப் பல்கலைக்கழகத்தோட பேரகராதி. 1924இல் இருந்து 1936 வரைக்கும் ஆறு தொகுதி, 1939இல் ஒரு அனுபந்தம். ஒரு லட்சத்துக்கும் மேல சொல்லு. வையாபுரிப் பிள்ளை அதுக்காக உழைச்ச உழைப்பை நினைச்சா கும்பிடத் தோணும். 1992இல் க்ரியா தற்காலத் தமிழ் அகராதி வந்துது. இன்னைக்குப் பேசுற, எழுதுற தமிழுக்கு அதுதான் கைவிளக்கு.

ஆனா பெரிய அகராதிக்காரங்க பெரும்பாலும் ஏட்டுல இருந்துதான் சொல்லு எடுத்தாங்க. ஏட்டுல ஏறாத சொல்லு கழனியிலயே நின்னுடுச்சு. அதைப் புரிஞ்சுக்கிட்டு முதல்ல இறங்கினவர் ஒரு விவசாயி. கி. ராஜநாராயணன். கோவில்பட்டி பக்கத்து இடைசெவல் சம்சாரி. 1982இல் அவரோட வட்டார வழக்குச் சொல்லகராதி வந்துது, கரிசல் காட்டுச் சொல்லுங்க. அதுக்கப்புறம் பெருமாள்முருகன் கொங்குக்கு ஒண்ணு பண்ணினார், 2000இல். 2007இல் கண்மணி குணசேகரன் நடுநாட்டுச் சொல்லகராதி கொண்டுவந்தார். அவர் விருத்தாசலம் பக்கத்து மணக்கொல்லைக்காரர், நமக்கு ரொம்ப தூரம் இல்ல. அதுல இருக்கிற பாதிச் சொல்லு எங்க ஆயா பேசினது.

இதுல எனக்கு ஒரு வருத்தம். அந்தக் கி.ரா. புதுவைப் பல்கலைக்கழகத்துக்குப் பேராசிரியரா வந்து, அப்புறம் இங்கயே லாஸ்பேட்டையில தங்கிட்டார். முப்பது வருசத்துக்கும் மேல நம்ம ஊர்க்காரர். 2021 மே 17ஆம் தேதி இங்கதான் காலமானார். வட்டார அகராதிக்கு அடித்தளம் போட்ட மனுசன் நம்ம தெருவுல நடந்துக்கிட்டிருந்தார். நாம நம்ம பேச்சை எழுதி வெச்சோமா? வில்லியனூர், பாகூர், நெட்டப்பாக்கம், மண்ணாடிப்பட்டுக் கழனிச் சொல்லுக்குன்னு ஒரு புத்தகம் எங்க ஊர் நூலக அலமாரியில நான் பார்த்ததில்ல.

அதனால நானே கொஞ்சம் எழுதிப் பார்த்தேன். பண்டிதர் வேலை இல்ல. பெரிய மார்க்கெட்டுக்குக் கீரைக்கட்டு ஏத்திக்கிட்டுப் போற ஆளு எழுதினது. வரிசையும் கிடையாது, ஒண்ணுக்கொண்ணு சம்பந்தமும் கிடையாது. மனசுல வந்தபடி.

கொல்லை: எங்க பக்கம் மானாவாரி நிலம், புஞ்சை. "கொல்லைக்குப் போறேன்"னு சொன்னா ஏர் ஓட்ட, களை வெட்டப் போறேன்னு அர்த்தம். தஞ்சாவூர்ப் பக்கம் கொல்லைன்னா வீட்டுக்குப் பின்பக்கம். அக்கா கல்யாணமான புதுசுல, "எங்கப்பா கொல்லையில மல்லாட்டை போட்டிருக்கார்"னு சொல்ல, அவங்க மாமியார் "வீட்டுப் பின்னாடியா?"ன்னு கேட்டாங்களாம். கண்மணி குணசேகரன் ஊர்ப் பேர்லயே கொல்லை இருக்கு பாருங்க.

கழனி: நன்செய். நெல்லு போடுற இடம். தெற்கே வயல்னு சொல்றதை நாங்க கழனின்னு சொல்றோம். எங்க பேரப்பிள்ளைங்க பள்ளிக்கூடப் பாடத்துல வயல்னு படிச்சுட்டு வந்து, கழனின்னா அரிசி கழுவுற தண்ணியான்னு கேட்குதுங்க. அது கழுநீர்டா ராசா.

மல்லாட்டை: வேர்க்கடலை. மணிலாக் கொட்டை, மல்லாக்கொட்டையாகி, மல்லாட்டை ஆச்சு. மணிலாங்கிறது பிலிப்பைன்சு தலைநகரம். செடியோட சொந்த ஊரு தென்னமெரிக்கா. 19ஆம் நூற்றாண்டுல புதுச்சேரித் துறைமுகத்துல இருந்து பிரான்சு தேசத்து மர்சேய்க்குக் கப்பல் கப்பலாப் போனது இந்தப் பயிருதான். அங்க எண்ணெய் ஆட்டினாங்க, சோப்பு காய்ச்சினாங்க. எங்க தாத்தா கொல்லைக்கும் மர்சேய் சோப்புக்கும் உறவு இருக்கு. இவ்வளவு சரித்திரம் ஒரு சொல்லுக்குள்ள. நாளைக்கு எல்லாரும் நிலக்கடலைன்னு மட்டும் சொல்ல ஆரம்பிச்சுட்டா செடி இருக்கும், கதை போயிடும்.

கொம்யூன்: பஞ்சாயத்து. பிரெஞ்சுக்காரன் விட்டுட்டுப் போன சொல்லு. 1954 நவம்பர் 1ஆம் தேதி நிர்வாகம் கைமாறிச்சு, 1962 ஆகஸ்ட் 16ஆம் தேதி சட்டப்படி இந்தியாவோட சேர்ந்தோம். ஆனா பலகையில இன்னும் கொம்யூன் பஞ்சாயத்துன்னுதான் இருக்கு. எல்லையைத் தாண்டிக் கடலூர்க்காரர்கிட்ட சொன்னா முழிப்பார். கடற்கரையில இருக்கிற நகராட்சிக் கட்டடத்தை மேரின்னு சொல்றதும், பிரெஞ்சு பட்டாளத்துல இருந்தவரை சொல்தான்னு சொல்றதும் இந்த வகைதான். மேரின்னதும் மாதா கோயிலைத் தேடிப் போன வெளியூர்க்காரங்களை நான் பார்த்திருக்கேன்.

பங்காரி, சிங்காரி: வாய்க்கால் பேரு. பெண்ணையாத்துத் தண்ணியை பாகூர் ஏரிக்குக் கொண்டுவர்றது பங்காரு வாய்க்கால். பங்காரி, சிங்காரின்னு ரெண்டு தாசிங்க தங்களோட சொத்தை வித்து வெட்டினதா ஊர்ல கதை. நகரத்துக்குள்ள பாரதி பூங்காவுல இருக்கிற ஆயி மண்டபமும் இதே மாதிரி ஒரு தாசியோட கதைதான், வீட்டை இடிச்சுட்டுக் குளம் வெட்டினாங்கன்னு. தாசிங்கிற சொல்லுக்கு இன்னைக்கு ஜனங்க சொல்ற பொருள் என்னன்னு உங்களுக்கே தெரியும். இந்த ஊரு குடிக்கிற தண்ணிக்கும் பாயுற தண்ணிக்கும் நன்றி சொல்ற கதைங்கள்ல வர்றவங்க அவங்கதான். பேரோட கதையையும் சேர்த்து எழுதாத அகராதி அவங்களுக்கு அநியாயம் பண்ணும்.

காணி: நூறு குழி. 57,600 சதுர அடி. ஏக்கர் கணக்குல ஒண்ணே முக்காலே அரைக்கால்னு சிலர் அடிச்சுவிடுவாங்க, நம்பாதீங்க. 1.32 ஏக்கர். பின்னக் கணக்குல காணின்னா எண்பதுல ஒண்ணு. மா இருபதுல ஒண்ணு, முந்திரி முந்நூத்தி இருபதுல ஒண்ணு. பாரதியார் 1908இல் இருந்து 1918 வரைக்கும் நம்ம ஊர்ல இருந்தார். அவர் பராசக்திகிட்ட காணி நிலம் கேட்டாரே, அந்தப் பாட்டைப் பாடாத பள்ளிக்கூடம் இல்ல. காணின்னா எவ்வளவுன்னு பசங்களைக் கேட்டுப் பாருங்க. "கொஞ்சூண்டு நிலம்"னு சொல்லுவாங்க. கொஞ்சூண்டா? இன்னைக்கு மூலக்குளத்துல ஒரு காணி வெச்சிருக்கிறவன் கோடீஸ்வரன்.

பருவம்: இது எனக்கு நேர்ந்தது. நமக்கு நெல்லுக்கு மூணு பருவம். சொர்ணவாரி, சம்பா, நவரை. ஒரு தடவை பயிர் சேதத்துக்கு விண்ணப்பம் போடப் போனேன். எந்த அலுவலகம்னு வேணாம். கம்ப்யூட்டர்ல ரெண்டே ரெண்டுதான் இருந்துது, காரிப், ரபி. அரபிச் சொல்லு. ஒண்ணுக்கு இலையுதிர் காலம்னு பொருள், இன்னொண்ணுக்கு வசந்தம்னு பொருள். ஐப்பசி கார்த்திகையில வானம் பொத்துக்கிட்டு ஊத்துற ஊர்ல எது இலையுதிர் காலம், எது வசந்தம்? "என் பயிர் சம்பா"ன்னேன். "அதெல்லாம் இதுல இல்லீங்க, ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க"ன்னாங்க. எனக்கு முன்னாடி நின்னவர் ஒண்ணு சொன்னார், நான் ஒண்ணு சொன்னேன். ரெண்டு பேர் பயிரும் ஒரே நாள் நட்டது, ஒரே மழையில போனது. அவருக்குப் பணம் வந்துது. எனக்கு "பருவம் பொருந்தவில்லை"ன்னு காகிதம் வந்துது.

சேரி: இதைப் பத்திக் கொஞ்சம் கூடவே சொல்லணும். பழைய காலத்துல சேரின்னா ஜனங்க சேர்ந்து வாழுற இடம், அவ்வளவுதான். சோழர் கல்வெட்டுல கம்மாளருக்குச் சேரி இருக்கு, பார்ப்பாருக்கும் சேரி இருக்கு. தீண்டாச்சேரின்னு தஞ்சாவூர்க் கல்வெட்டுல இருக்கிறதையும் மறைக்கக் கூடாது. போகப்போக அந்தச் சொல்லை ஒரே ஜனத்தோட குடியிருப்புக்குன்னு ஒதுக்கி, அதையே வசவாவும் ஆக்கிட்டாங்க. டீக்கடையில ஒருத்தர், "சேரிப் புத்தி"ன்னு யாரையோ திட்டிக்கிட்டிருந்தார். நான் சொன்னேன், "அண்ணே, உங்க ஆதார் கார்டை எடுங்க. ஊர் பேர் என்ன போட்டிருக்கு? புதுச்சேரி. நீங்களும் நானும் சேரிக்காரங்கதான்." கடையில எல்லாரும் சிரிச்சாங்க, அவர் மட்டும் சிரிக்கல. பாண்டிச்சேரின்னு இருந்ததை 2006இல் சட்டம் போட்டுப் புதுச்சேரின்னு மாத்தினாங்க. பேரை மாத்தினதோட நிக்காம அந்தப் பேருக்குள்ள இருக்கிற சொல்லோட மானத்தையும் மீட்டிருக்கணும். ஒரு சொல்லு எப்படி அழுக்காச்சுங்கிறதையும் அகராதி சொல்லணும். பொருளை மட்டும் எழுதிட்டுப் போனா, அழுக்கு பண்ணினவன் தப்பிச்சுடுவான்.

உழவர்கரை: கடைசியா இது. நம்ம நகரத்தை ஒட்டின நகராட்சி. இங்கிலீசுப் பலகையில "உல்கரே"ன்னு வாசிக்கிற மாதிரி இருக்கும். பிரெஞ்சுக்காரன் வாயில உழவரும் வரல, கரையும் வரல, நசுங்கிப்போய் அப்படி ஆச்சு. வெளியூர்ல இருந்து வந்து அடுக்குமாடியில குடியிருக்கிற பிள்ளைங்க அதைத்தான் சொல்லுது. கரைன்னா ஆத்தங்கரை, ஏரிக்கரை மட்டும் இல்ல. கிராம நிலத்துல ஒருத்தருக்குரிய பங்குக்கும் கரைன்னு பேரு உண்டு. உழவரோட கரையோ, உழவரோட பங்கோ, எப்படிப் பார்த்தாலும் பேர்ல நாங்க இருக்கோம். நிலத்துல இருக்கோமான்னு ரெட்டியார்பாளையத்துல நின்னு சுத்திப் பாருங்க. கல்யாண மண்டபம் இருக்கு, ஷோரூம் இருக்கு, பிளாட்டு இருக்கு.

இவ்வளவுதான் என் அகராதி. இதைப் படிச்சுட்டு, "பெரியவரே, மொழி மாறிக்கிட்டேதான் இருக்கும், பழசையே கட்டிப் பிடிச்சுக்கிட்டு இருந்தா எப்படி"ன்னு சிலர் கேட்பீங்க. நான் பழசைக் கட்டிப் பிடிக்கிறவன் இல்ல. மோட்டார், டிராக்டர், சொட்டுநீர், டிரம் சீடர் எல்லாம் என் வாயில சரளமா வரும். மல்லாட்டை எங்க இருந்து வந்துது? கொம்யூன் எங்க இருந்து வந்துது? ஏலம்னு தட்டாஞ்சாவடி கமிட்டியில கூவுறோமே, அது போர்ச்சுகீசுக்காரன் சொல்லு. பாக்கி, வசூல், ஜப்தி எல்லாம் அரபி. எங்கிருந்தோ வந்த சொல்லு நம்ம வேலையைச் செஞ்சா அது நம்ம சொல்லுதான். பிறந்த ஊரைக் கேட்டு விரட்டுற ஆளு நான் இல்ல.

எனக்குப் பயம் வேற இடத்துல. ஒரு சொல்லுக்கு ஊருக்கு ஊரு பொருள் உண்டுங்கிறதை மறந்துட்டு, எங்கயோ ஒரு மேசையில எழுதின ஒரே பொருளை எல்லார் தலையிலயும் கட்டுறது இருக்கே, அதுதான் ஆபத்து. முன்னாடி அகராதி தப்பா இருந்தா ஒரு வாத்தியார் தப்பா சொல்லிக் கொடுப்பார், அதோட போச்சு. இப்ப போனுல தேடினா ஒரே பதிலு. அலுவலகக் கம்ப்யூட்டர்ல ஒரே பட்டியலு. அந்தப் பட்டியல்ல இல்லாத பருவத்துக்கு இழப்பீடு இல்ல. அந்தப் பதில்ல இல்லாத குழிக்கு மாமன் மச்சான் உறவு இல்ல. சொல்லோட பொருள் இப்ப காசு, நிலம், உறவு எல்லாத்தையும் முடிவு பண்ணுது. அப்படின்னா அந்தப் பொருளை எழுதுற இடத்துல நாமளும் உட்கார வேணாமா?

என் கருத்து இதுதான். மூணு காரியம் நடக்கணும்.

ஒண்ணு, புதுச்சேரி அரசு, பல்கலைக்கழகம், மொழி நிறுவனங்கள் சேர்ந்து நம்ம பகுதிக்குன்னு ஒரு வட்டார அகராதி கொண்டுவரணும். காரைக்காலுக்குத் தனியா வேணும், அவங்க கணக்கு தஞ்சாவூர்க் கணக்கு. ஒரே யூனியன் பிரதேசம்னு சொல்லி அவங்களையும் எங்களையும் ஒரே குழியில தள்ளிடாதீங்க.

ரெண்டு, விவசாயி கையெழுத்துப் போடுற எந்தப் படிவத்துலயும் நம்ம பருவம், நம்ம அளவு ஒரு வரியாவது இருக்கணும். ஹெக்டேர், ஆர் எழுதுங்க, தப்பில்ல. பக்கத்துல குழியையும் எழுதி, ஒரு குழின்னா இத்தனை சதுர அடின்னும் எழுதுங்க. ஒரு அடைப்புக்குறி மை செலவு, அவ்வளவுதான். அதுல எங்க குடும்பம் மாதிரி பத்துக் குடும்பம் பிழைக்கும்.

மூணு, இது நமக்கு. அரசு பண்ணும்னு உட்கார்ந்திருந்தா, கூட அளக்கப் போன எண்பது வயசுக்காரர் இருக்க மாட்டார். பள்ளிக்கூடப் பசங்க ஆளுக்குப் பத்துச் சொல்லு ஆயா தாத்தாகிட்ட கேட்டு ஒரு நோட்டுல எழுதட்டும். சொல்லு, பொருள், எந்த ஊரு, சொன்னவங்க என்ன வேலை பார்த்தாங்க, அந்தச் சொல்லை வெச்சு அவங்க சொன்ன ஒரு வாக்கியம். அந்த வாக்கியம்தான் முக்கியம். "குழி: நில அளவு"ன்னு எழுதினா ஒண்ணும் புரியாது. "எங்கப்பா அஞ்சு கயிறு நீளம் அஞ்சு கயிறு அகலம் எங்க அக்காவுக்குக் கொடுத்தார்"னு எழுதினா யாரும் ஏமாத்த முடியாது.

நான் ஆரம்பிச்சுட்டேன். அப்பாவோட அதே நோட்டுல, பின்பக்கம் காலியா இருந்த ஏட்டுல, முதல் வரியா எழுதி வெச்சிருக்கேன்: "குழி. புதுச்சேரிக் கணக்கு. 24 அடிக்கு 24 அடி. 25 குழி என்றால் மன்னார்குடிக் கணக்கில் ஒரு மா." கீழே அக்காவைக் கையெழுத்துப் போடச் சொன்னேன். "இதுக்கெதுக்குடா கையெழுத்து"ன்னு சிரிச்சுக்கிட்டே போட்டாங்க. பையன் அதைப் போட்டோ எடுத்து வெச்சுக்கிட்டான்.

உங்க ஊர்ல குழி எத்தனை அடி? கொல்லைன்னா வீட்டுப் பின்னாடியா, மானாவாரியா? எழுதுங்க. ஊர் பேரையும் சேர்த்து எழுதுங்க. மழை விட்டிருக்கு, நான் மடையைப் பார்த்துட்டு வர்றேன்.